உறை பிரியாத கார்டு

"திருடு போயிருக்கு சார்ஜன். அதுவும் என் வீட்டு அலமாரிக்குள்ளேயே."

டிசம்பர் மாதம், செவ்வாய்க்கிழமை, காலை பத்து மணி. கிள்ளான் காவல் நிலையத்தின் புகார் மேசைக்கு முன்னால் உட்கார்ந்திருந்த கெர்ட்ரூட், கைப்பையிலிருந்து ஒரு வங்கி உறையை எடுத்து வைத்தார். ஒட்டியது ஒட்டியபடியே இருந்தது. மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த சார்ஜன் கார்த்திகேசு அதை முன்னும் பின்னும் புரட்டிப் பார்த்தார்.

"உள்ள என்னக்கா?"

"புது கிரெடிட் கார்டு."

"பிரிக்கவே இல்லையே."

"அதான் சார்ஜன் கேஸு. பிரிக்காத கார்டுல காசு போயிருக்கு."

கார்த்திகேசு இந்த வேலைக்கு வந்து தலை நரைத்தவர். பூட்டிய கடைக்குள் திருட்டு, பூட்டிய காருக்குள் திருட்டு எல்லாம் பார்த்தாயிற்று. பிரிக்காத உறைக்குள் நடந்த திருட்டு இதுதான் முதல் தடவை. அவருக்கு உள்ளூர ஒரு குஷி கிளம்பியது. புகார் கொடுக்க வந்தவர் முன்னால் சிரிப்பது அழகில்லை என்பதால் முகத்தை இறுக்கி வைத்துக்கொண்டு பேனா மூடியைத் திறந்தார்.

கெர்ட்ரூட்டுக்கு வீடு பண்டமாரானில். வீட்டிலேயே கேக்கும் முறுக்கும் செய்து விற்கிறார். கிறிஸ்துமஸ் மாதம் வந்துவிட்டால் அந்த அடுப்பு அணைவதே இல்லை. மாவு, வெண்ணெய், முட்டை எல்லாம் கார்டில்தான் வாங்குவது. சில மாதங்களாக அந்தக் கார்டின் கணக்கில் ஒரு வரி வந்துகொண்டிருந்தது. 'ஓ.வி.என். சர்வீசஸ், ராட்டர்டாம்.' மாதா மாதம் நாற்பது வெள்ளிச் சொச்சம் பிடித்திருந்தார்கள். ஒரு மாதம் சற்றுக் கூட, ஒரு மாதம் சற்றுக் குறைய. முதலில் வெண்ணெய்க் கடைக்காரர்தான் வேறு பெயரில் பிடிக்கிறார் என்று நினைத்திருக்கிறார். அவர் சத்தியம் பண்ணி மறுத்த பிறகு கெர்ட்ரூட் வங்கிக்குப் போன் போட்டார். அவர்கள் பழைய கார்டை ரத்து செய்து புதியது அனுப்பினார்கள்.

"புது கார்டு வந்துச்சு. பயந்துகிட்டு நான் பிரிக்கவே இல்ல. அலமாரியில வச்சுப் பூட்டிட்டேன். போன வாரம் பார்த்தா அதுலயும் அதே ராட்டர்டாம்!"

"யார் மேலயாச்சும் சந்தேகம் இருக்கா?"

கெர்ட்ரூட் கைப்பையின் ஜிப்பை இழுத்தார், மறுபடி திறந்தார்.

"எங்கூட வேலை செய்யற ராஜம்மா. கூரியர்காரன் வந்தப்ப நான் சர்ச்சுக்குப் போயிருந்தேன். அவதான் கையெழுத்துப் போட்டு வாங்கினா. ரெண்டு நாள் கழிச்சுத்தான் எங்கிட்ட குடுத்தா. மாவு டின்னுக்குப் பின்னால வச்சு மறந்துட்டாளாம்."

"எத்தனை வருசமா கூட இருக்காங்க?"

"பதினோரு வருசம். என் மகன் ஜோனத்தான் ஸ்கூல்ல படிக்கிறப்ப டெங்கி வந்து படுத்துட்டான். ஆஸ்பத்திரியில எனக்கு மாத்தா உக்காந்து பார்த்தவ அவ." உறையை விரலால் தள்ளினார். "பேங்க்ல போலீஸ் ரிப்போர்ட் கேக்கறாங்க சார்ஜன். அவ பேரை எழுதச் சொல்லவும் மனசு வரல. எழுதாம இருந்தா தூக்கமும் வரல."

"அவங்ககிட்ட நேரா கேட்டீங்களா?"

"இல்ல. பேச்சை நிறுத்திட்டேன்."

இந்த உலகத்தில் பாதிச் சண்டை இப்படித்தான் வளர்கிறது என்று கார்த்திகேசு நினைத்துக்கொண்டார். பேனாவை மூடி வைத்தார்.

"அக்கா, ரிப்போர்ட்ல ஒருத்தர் பேரு ஏறிட்டா அப்புறம் அதை நான் நெனச்சாலும் எடுக்க முடியாது. நாளைக்கு அவங்க வேற வேலைக்குப் போனாலும் அது பின்னாலயே போகும். சாயங்காலம் வரைக்கும் எனக்கு டைம் குடுங்க. மொதல்ல இந்த உறையைப் பிரிக்கலாமா?"

கெர்ட்ரூட் தலையசைத்தார். கார்த்திகேசு ஓரத்தைக் கத்தரித்தார். உள்ளே மடித்த தாள். தாளில் கார்டு பசையால் ஒட்டப்பட்டிருந்தது. நம்பர் இருப்பது கார்டின் பின்பக்கம். பின்பக்கம் தாளோடு ஒட்டிக் கிடந்தது.

"ஆவியில காட்டிப் பிரிச்சு மறுபடி ஒட்டியிருப்பா. படத்துல எல்லாம் வருதே."

"ஆவியில காட்டினா உறை சுருங்கிடும்க்கா. இதைப் பாருங்க, கஞ்சி போட்ட சட்டை கணக்கா நிக்குது. கார்டை இப்பத்தான் நான் பிய்க்கிறேன், பசை நூல் நூலா வருது. இந்த நம்பரை இதுவரைக்கும் எந்த மனுசக் கண்ணும் பார்க்கல."

"அப்புறம் எப்படி?"

அந்த 'எப்படி'க்குத்தான் அவர் வங்கிக்குப் போன் செய்யச் சொன்னார். ஸ்பீக்கரில் ஒரு பெண் பொறுமையாகப் பேசினாள். மாதா மாதம் தானாகப் பிடிக்கும் சந்தா ஏதாவது இருந்தால், கார்டை மாற்றினாலும் புது நம்பர் அந்தக் கம்பெனிக்குத் தானாகவே போய்விடுமாம். மின்சாரக் கட்டணம், இன்சூரன்ஸ் எல்லாம் நடுவில் நின்றுவிடக் கூடாது என்பதற்காகச் செய்த ஏற்பாடாம். அந்தக் கம்பெனி என்ன விற்கிறது என்பது வங்கிக்குத் தெரியாது. ஆனால் யாரோ ஒருவர் பழைய கார்டு நம்பரைக் கொடுத்துச் சேர்ந்திருக்கிறார்.

போனை வைத்ததும் கெர்ட்ரூட் படக்கென்று நிமிர்ந்தார். "பழைய கார்டு நம்பர்! மாவுக் கடைக்கு அந்தக் கார்டை எடுத்துட்டுப் போறவளே அவதானே!"

பூட்டிக் கிடந்த புதிரின் கதவு திறந்துகொண்டது. பாவம், இராஜம்மா இன்னும் சந்தேகத்துக்கு உள்ளேயேதான் இருந்தார்.

மாலை நாலரை மணிக்குக் கார்த்திகேசு பண்டமாரான் வீட்டுக்குப் போனார். அக்கம்பக்கத்தில் போலீஸ் வந்தது என்று பேச்சு வரக் கூடாதே என்று நீலக் கட்டம் போட்ட சட்டையை மாட்டிக்கொண்டு, கேக் ஆர்டர் கொடுக்க வந்தவர் போலக் கேட்டைத் தட்டினார்.

முன்பக்கத்துக் கார் நிறுத்தும் இடத்தில் பிரம்பு நாற்காலி போட்டு கெர்ட்ரூட்டின் கணவர் கபிரியேல் உட்கார்ந்திருந்தார். கிள்ளான் துறைமுகத்தில் முப்பது வருடம் கிரேன் ஓட்டி ஓய்வு பெற்றவர். மடியில் ஓரம் விரிசல் விட்ட பழைய போன். வந்தவரைப் பார்த்ததும் போனைக் குப்புறக் கவிழ்த்து வைத்தார்.

"போன்ல செய்தியாண்ணே?"

"ம்."

"கார்டு விசயமா அக்கா சொல்லியிருப்பாங்க."

"எனக்கு அந்தக் கார்டு கீர்டு எல்லாம் தெரியாது. நான் கைக்காசு குடுத்து வாங்கறவன்."

"மகன் ஜோனத்தான் இப்ப எங்க இருக்காரு?"

கபிரியேல் முகத்தைத் திருப்பிக்கொண்டார். "அதை அவங்கம்மாகிட்ட கேளுங்க."

கூடத்தில் வைத்தே கெர்ட்ரூட் அதைச் சொன்னார். ஜோனத்தான் சரக்குக் கப்பலில் எஞ்சின் அறையில் வேலை பார்க்கிறான். அப்பாவுக்குத் துளியும் இஷ்டமில்லை. கடலுக்குப் போனவர்களின் பெண்டாட்டி பிள்ளைகள் துறைமுக வாசலில் காத்து நிற்பதை முப்பது வருடம் உயரத்திலிருந்து பார்த்தவராம். போகாதே என்றார். போனான். அன்றிலிருந்து அவன் பேச்சை எடுக்கக் கூடாது என்று கட்டளை. அவன் போன் வந்தால் எழுந்து வெளியே போய்விடுவார். ரெண்டு வருடமாக மகனோடு ஒரு வார்த்தை இல்லை.

"நடுக்கடல்ல போனும் கிடையாது சார்ஜன். கப்பல் கரை பக்கம் வந்தாத்தான் பேசுவான். அதுவரைக்கும் எங்க இருக்கான், எப்படி இருக்கான்னு ஒண்ணும் தெரியாது. வயித்துல நெருப்பைக் கட்டிகிட்டு இருக்கேன்."

அடுப்படியில் இராஜம்மா தட்டில் பிஸ்கட்டுகளை வரிசையாக வைத்துக்கொண்டிருந்தார். ஒல்லியான உடம்பு, நெற்றியில் திருநீறு. வந்தவரைத் தலையிலிருந்து கால்வரை ஒரு பார்வை பார்த்தார்.

"நீங்க கேக் வாங்க வரல. சட்டையை மாத்துனீங்க, பூட்ஸை மாத்த மறந்துட்டீங்க சார்ஜன்."

கார்த்திகேசு அசடு வழிந்தார். பிறகு முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"கூரியர் வந்த அன்னைக்கு என்னக்கா நடந்துச்சு?"

"வாங்கினேன். வச்சேன். மறந்தேன்."

"எப்படி மறந்தீங்க?"

"கையெழுத்துப் போட்டு உள்ள வரேன், வீட்டுப் போன் அடிக்குது. எங்க ஜோனாப் பையன். சந்தோசத்துல கையில இருந்தத எங்க வச்சேன்னே தெரியல. காலையிலயே நெனச்சேன், இன்னைக்குக் கூப்பிடுவான்னு."

"எப்படி?"

"மெழுகுவர்த்தி அணைஞ்சிருந்துச்சே." அவர் கூடத்துப் பக்கம் கையைக் காட்டினார். அங்கே மாதா சொரூபத்துக்கு முன்னால், நாள் கணக்கில் எரியும் கண்ணாடிக் குவளை மெழுகுவர்த்தி ஒன்று இருந்தது. "கபிரியேல் அண்ணன்தான் கொளுத்தி வைப்பாரு. ராத்திரி பகல் எரியும். ஒரு நாளைக்கு அணைஞ்சுடும். அன்னைக்கு ஜோனா போன் வரும். அஞ்சாறு தடவை பார்த்துட்டேன். நான் மாரியாத்தா கும்பிடறவ, ஆனா மாதா அடையாளம் காட்டறதை இல்லன்னு சொல்ல முடியுமா?"

"அக்காவுக்கும் தெரியுமா?"

"அவங்கதான் மொதல்ல சொன்னாங்க. அணைஞ்சிருந்தா அவன்கிட்ட பேச வேண்டியதை எழுதி வச்சுக்குவாங்க." அவர் தட்டை ஓவனுக்குள் தள்ளினார். முதுகைத் திருப்பிக்கொண்டே கேட்டார், "அக்கா பேங்குக்குப் போன் பண்றப்ப காதுல விழுந்துச்சு. அந்த ராட்டர்டாம் எந்தத் தாமான் சார்ஜன்? ஷா ஆலம் பக்கமா?"

"தாமான், குடியிருப்பு எல்லாம் இல்லக்கா. வெளிநாடு. பெரிய துறைமுகம்."

"ஓ." ஓவன் கதவைச் சாத்தினார். "பதினோரு வருசம். ராஜம்மா, நீ எடுத்தியான்னு ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்லா. கேட்டிருந்தா சண்டை போட்டிருப்பேன், அழுதிருப்பேன், முடிஞ்சிருக்கும். இப்ப ஒரு வாரமா உப்பு எங்கன்னுகூட என்னைக் கேக்கறது இல்ல. இன்னையோட சரி, இனிமே நான் வரல. இந்த ஆர்டரை முடிச்சுக் குடுத்துட்டுப் போயிடறேன்."

கார்த்திகேசு எழுந்து கூடத்துக்குப் போனார். மாதாவுக்கு முன்னால் நின்றார். மெழுகுவர்த்தி அணைந்திருந்தது. மெழுகு இன்னும் பாதிக்குமேல் மிச்சம். குவளையின் வாயில் கண்ணாடி மூடி கச்சிதமாகப் பொருந்தியிருந்தது.

அந்த மூடியை அவர் ஒரு விரலால் தொட்டுப் பார்த்தார். சில்லென்று இருந்தது. பிறகு எல்லோரையும் அடுப்படிக்குக் கூப்பிட்டார். கபிரியேலையும்தான்.

"தேத்தண்ணி போடுங்கக்கா," என்றார் கெர்ட்ரூட்டிடம். "கொஞ்சம் காத்திருக்கணும். இன்னைக்கு ஜோனத்தான் கூப்பிடுவாரு."

கெர்ட்ரூட் கூடத்துப் பக்கம் திரும்பி, மெழுகுவர்த்தி அணைந்திருப்பதை அப்போதுதான் கவனித்தார். கபிரியேல் சுவரைப் பார்த்தார். இராஜம்மா யாரையும் பார்க்காமல் மேசையைத் துடைத்தார். தேநீர் ஆறுவதற்குள் போன் அடித்தது. கெர்ட்ரூட் பாய்ந்து எடுத்து ஸ்பீக்கரைப் போட்டார். வழக்கம்போல் கபிரியேல் எழுந்தார். கார்த்திகேசு அவர் கையை மெல்லப் பிடித்து உட்கார வைத்தார்.

"அம்மா! நல்லாருக்கீங்களா? டர்பன் துறைமுகம் வந்துட்டோம்."

"எப்ப வந்தாங்கன்னு கேளுங்கக்கா," என்றார் கார்த்திகேசு.

"எப்பப்பா வந்தீங்க?"

"உங்களுக்கு இன்னைக்கு விடியக்காலை இருக்கும். நங்கூரம் போட்டு நிக்கறோம். வேலை முடிஞ்சு இப்பத்தான் மேல வந்தேன், சிக்னல் கெடச்சுது. யாரும்மா பக்கத்துல?"

"தம்பி, உங்கப்பா சிநேகிதர்னு வச்சுக்குங்க. ஒரு நிமிசம் லைன்ல இருங்க."

கார்த்திகேசு நாற்காலியைத் திருப்பிப் போட்டார். குரலை உயர்த்தவில்லை.

"கார்டைத் திருடறவன் ஒரே கம்பெனிக்கு மாசா மாசம் நாப்பது வெள்ளி கட்டிகிட்டு உக்காந்திருக்க மாட்டான். ஒரே அடியா வழிச்சுட்டுப் போயிருப்பான். தொகை கூடிக் குறையறது தந்திரம் இல்ல, வெளிநாட்டுக் காசை வெள்ளியா மாத்தற கணக்கு. ஆக இது திருட்டு இல்ல. இந்த வீட்டுல யாரோ ஒருத்தருக்கு மாசம் தவறாம வேண்டிய ஏதோ ஒண்ணு. அது என்னன்னுதான் எனக்குப் பிடிபடல. ராஜம்மாக்கா சொன்ன மாதா அடையாளத்தைக் கேட்டதும் பிடிபட்டுச்சு."

"மாதாவா?" என்றார் கெர்ட்ரூட்.

"கப்பல் கரை சேர்ந்தது விடியக்காலை. மெழுகுவர்த்தி அணைஞ்சும் வெகு நேரம் ஆச்சு, மூடி சில்லுன்னு இருக்கு. போன் வந்ததோ இப்பத்தான். ஒவ்வொரு தடவையும் இப்படித்தான். அப்ப, மகன் சொல்றதுக்கு முன்னாடியே கப்பல் வந்தது இங்க ஒருத்தருக்குத் தெரியுது. மாதாவுக்குத் தெரியும், ஒத்துக்கறேன். ஆனா காத்துல அணைஞ்ச விளக்கு தானா எழுந்து மூடி போட்டுக்காது. கப்பல் நடுக்கடல்ல இருக்கிற வரைக்கும் விளக்கு எரியணும், கரை சேர்ந்ததும் அணைக்கலாம்னு ஒரு கை வேண்டிகிட்டு இருக்கு." அவர் திரும்பினார். "கபிரியேல் அண்ணே, அந்தப் போனைக் கொஞ்சம் குடுங்க."

கபிரியேல் அசையவில்லை. கிரேன் ஓட்டிய அந்தப் பெரிய கைகள் மடியில் இருந்த போனை மூடிக்கொண்டன. பிறகு போனை எடுத்து மேசைமேல் மல்லாக்க வைத்தார்.

திரை முழுக்க நீலக் கடல். ஆப்பிரிக்கக் கரையோரமாகச் சின்னதாக ஒரு சிவப்பு அம்புக்குறி. அதன் பக்கத்தில் ஜோனத்தானின் கப்பல் பெயர்.

"எந்தக் கப்பல் எங்க போகுதுன்னு காட்டறதுதான் அந்த ராட்டர்டாம் கம்பெனியோட தொழில். கரை ஓரம் ஓசி. நடுக்கடல்ல பார்க்கணும்னா சந்தா கட்டணும். இது அக்காவோட பழைய போன், இல்லையா? அக்கா புதுசு வாங்கினதும் உங்க கைக்கு வந்துச்சு. கார்டு நம்பர் இதுலயே தங்கிடுச்சு."

"ஏழு நாள் ஃப்ரீன்னு போட்டிருந்துச்சு," என்றார் கபிரியேல். குரல் வெளியே வரக் கஷ்டப்பட்டது. "பச்சைப் பட்டன். அழுத்தினேன். நம்பர் அதுவா வந்து உக்காந்துச்சு, சரின்னேன். அதுக்கப்புறமும் படம் தெரிஞ்சுது. இன்னும் ஃப்ரீதான்னு நெனச்சேன். காசு போறது என் மாதா சத்தியமா தெரியாது சார்ஜன்."

கெர்ட்ரூட் அந்தச் சிவப்பு அம்பைப் பார்த்தார், கணவரைப் பார்த்தார். "ரெண்டு வருசமா அவன் பேச்சையே எடுக்கக் கூடாதுன்னீங்களே..."

"பேச்சை எடுக்கலையே. பார்த்தேன். அவ்வளவுதான்."

ஸ்பீக்கரில் யாரோ மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. அப்போதுதான் லைனில் ஜோனத்தான் இருப்பது எல்லோருக்கும் ஞாபகம் வந்தது.

"அப்பா?"

கபிரியேல் மனைவியின் போனைக் கையில் எடுத்தார். உதடுகள் இரண்டு மூன்று முறை கூடிப் பிரிந்தன. "ஜோனா. அப்பாதான். வச்சுடாத. கொஞ்சம் இரு. ராஜம்மாகிட்ட ஒண்ணு சொல்லிட்டு வந்துடறேன்."

ரெண்டு வருடத்துக்குப் பிறகு மகனிடம் அவர் பேசிய முதல் பேச்சு அதுதான். போனை நெஞ்சோடு வைத்துக்கொண்டு எழுந்து நின்று, இராஜம்மாவுக்கு முன்னால் தலை குனிந்தார்.

"நான் அழுத்தின பட்டனுக்கு உனக்குத் திருடின்னு பேரு வந்துடுச்சும்மா. பக்கத்துல உக்காந்துகிட்டே தெரியாம இருந்துட்டேன். என்னை மன்னிச்சுடு."

இராஜம்மா மாவுக் கையைப் புடவையில் துடைத்தார். கண்ணைத் துடைக்க நேரமில்லை.

"ஐயோ அண்ணே, அந்தப் பிள்ளை கடல்ல நின்னுகிட்டு இருக்கு. மொதல்ல அவன்கிட்ட பேசுங்கலா. என் சண்டை எங்கயும் ஓடிடாது."

கபிரியேல் போனோடு வெளியே போனார். சாப்பிட்டாயா என்று அவர் கேட்பது அடுப்படிவரை கேட்டது. அங்கே என்ன காற்று, என்ன அலை என்று மகன் சொல்லும் முன்னால் அவரே சொல்லிக்கொண்டிருந்தார்.

கெர்ட்ரூட் இராஜம்மாவுக்கு எதிரில் வந்து நின்றார். "ராஜம்மா, நான் பாவி. உன்னை ஒரு வார்த்தை கேக்காம போலீஸ் வரைக்கும் போயிட்டேன். உன்னைப் பார்க்கவே எனக்கு வெக்கமா இருக்கு. போயிடாத."

"வருவேன்," என்றார் இராஜம்மா. "வேலை செய்வேன். ஆனா பேச மாட்டேன். நீங்க எத்தனை நாள் பேசலையோ அத்தனை நாளைக்கு நானும் பேச மாட்டேன்."

"சரி."

கார்த்திகேசு தொண்டையைச் செருமினார். இந்த மாதிரி இடங்களில் போலீஸ்காரருக்கு எங்கே நிற்பது என்று தெரிவதில்லை. பழைய போனைக் கையில் எடுத்துத் தட்டிப் பார்த்தார். "ரிப்போர்ட் தேவையில்ல. சந்தாவை ரத்து பண்ற பட்டன் இதுலயே இருக்கு. நிறுத்திடலாமா?"

"வேண்டாம்!"

இரண்டு குரல்கள் ஒன்றாகக் கேட்டன. கெர்ட்ரூட் திரும்பிப் பார்த்தார். இராஜம்மா வெடுக்கென்று முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"உங்ககிட்ட பேசல. சார்ஜன்கிட்ட சொன்னேன்."

கெர்ட்ரூட்டுக்குச் சிரிப்பு வந்தது, அதற்குள் அழுகையும் வந்துவிட்டது. இராஜம்மாவின் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டு விம்மி விம்மி அழுதார். இராஜம்மா ஒரு வார்த்தை பேசவில்லை. தோளையும் எடுக்கவில்லை.